எழுந்து நடந்தால் கூப்பிடுவார்கள்

நீர்தான் ஓய் அவன் காலை ஒடித்தது. வேறு யாரும் இல்லை. சூசைபுரத்து ஒன்பதாம் நம்பர்காரன் இல்லை, மைதானத்துக் குழி இல்லை, அவன் கெட்ட நேரமும் இல்லை. நீர். உம் வாய். உம் கையில் இருந்த அந்த மைக்.

உட்காரும். அந்த மீன்பெட்டியைக் கவிழ்த்துப் போட்டு உட்காரும். ஏலம் முடிந்துவிட்டது, இனி இந்தக் கொட்டகைக்குக் காக்காயைத் தவிர யாரும் வரமாட்டார்கள். தரை கழுவிவிட்டதுதான், வேட்டி நாறாது. நாறினாலும் நாறட்டும். என்னத்துக்கு வந்தீர்? திருவிழா நோட்டீசா? இந்த வருஷம் கோப்பை கொடுக்க என் தம்பி வேண்டுமா? கீழே தள்ளினவனே சால்வையும் கொண்டு வருகிறான், பாரும் ஐயா, இந்த நியாயத்தை!

சரி, சரி. எழும்பாதீர். டீ சொல்லட்டுமா? வேண்டாமா? எனக்கும் வேண்டாம். காலையிலிருந்து ஒன்றும் இறங்கவில்லை.

அதோ தெரிகிறதே நீலப் படகு, 'ஆரோக்கிய அன்னை', அதில் ஐஸ் ஏற்றுகிறார்கள். மெஷின் சத்தம் கேட்கிறதா? அது நின்றதும் டீசல். டீசல் முடிந்ததும் தண்ணீர் டின்கள். அப்புறம் கயிற்றை அவிழ்த்துவிடுவார்கள். தம்பி கிளீட்டஸ் அந்தப் படகில்தான் இருக்கிறான். இந்தியா முழுக்கப் பந்து உதைத்து ஓடின கால் இன்றைக்கு ஐஸ் பெட்டிக்குள் நிற்கிறது. ஆழ்கடல் தங்கல். போனால் எப்போது கரை திரும்புவான் என்று படகுக்காரனுக்கே தெரியாது. போனும் எடுக்காது.

அவன் போகக்கூடாது. அதற்குத்தான் உம்மை இங்கே பிடித்து உட்கார வைத்திருக்கிறேன். தானாக வந்து மாட்டினீர், நல்லதாகப் போயிற்று.

இன்றைக்குக் காலையில் கோழிக்கோட்டுக் கோச் கூப்பிட்டார். பழைய கோச், கிளீட்டஸை கோவாவில் வளர்த்தவர். இப்போது கோழிக்கோட்டில் வேறு ஒரு டீமுக்குப் போயிருக்கிறார். "முட்டு எப்படி இருக்கு?" என்றார். சரியாகிவிட்டது சார், டாக்டரே ஓடச் சொல்லிவிட்டார் சார் என்றேன். "பின்னால நிக்கிற பசங்க எல்லாம் பிள்ளைகள். தலையுள்ள ஒருத்தன் வேணும். ஒரு சீசன். வரச் சொல்லுங்க" என்றார். ஓய், கேளும். நான் எவ்வளவு என்று கேட்கவில்லை. ஏன் ஒரு சீசன், ஏன் இரண்டு இல்லை என்று கேட்கவில்லை. அவர் முடிக்கும் முன்னால் 'சரி' என்றேன். நான்! ததேயுஸ்! இந்தக் கடற்கரையில் முதல் விலைக்குத் தலையாட்டாத ததேயுஸ்!

ஆனால் அந்த மனுஷன் என்ன சொன்னார் தெரியுமா? "நீங்க சொன்னா போதாது. அவனே என்னைக் கூப்பிடட்டும். சாயங்காலத்துக்குள்ளே. இல்லேன்னா நாளைக்கு வேற ஆள் வரான்" என்றார்.

அதுதான் விஷயம். இருட்டுவதற்குள் அவன் ஒரு போன் பண்ண வேண்டும். படகு புறப்பட்டுவிட்டால் போனும் இல்லை, கோச்சும் இல்லை, பந்தும் இல்லை. ஸ்டாப்பராகப் பின்னால் நின்று தடுத்தவனை இந்த வயதில் இன்னொரு தடவை யார் கூப்பிடப்போகிறார்கள்?

நீயே போய்ச் சொல் என்கிறீரா? போகாமலா இருப்பேன்! போனேன். படகு கட்டுகிற ஜெட்டி ஓரத்தில் நின்று, "லேய் கிளீட்டஸ், கோச்சு கூப்புட்டாருல!" என்று கத்தினேன். ஐஸ் மெஷின் அந்தப் போடு போடுகிறது. அவன் என்னைப் பார்த்தான். பார்த்துவிட்டு உள்ளே இறங்கிவிட்டான். கூட நிற்கிற பயல்கள், "அண்ணன் ஏலத்தத் தொடங்கிட்டாரு, எவனும் விலை கேக்காதிய" என்று சிரிக்கிறான்கள்.

அவன் நம்பவில்லை. ஏன் நம்பவில்லை என்றால், ஆஸ்பத்திரியில் கிடந்தபோது நான் ஒன்றிரண்டு தடவை இல்லாத கிளப்பைச் சொன்னேன். பெங்களூரில் கேட்கிறார்கள், டெல்லியில் கேட்கிறார்கள் என்று. படுத்துக் கிடக்கிறவனுக்குத் தைரியம் கொடுக்க வேண்டாமா? ஏலத்தில் நாங்கள் செய்கிறதுதான். யாரும் கேட்காத நேரத்தில் பின்னாலிருந்து ஒரு குரல் விலை கேட்டதாகச் சொல்வோம். மீன் விலை பிழைத்துக்கொள்ளும். அதைப் போய் மனதில் வைத்துக்கொண்டிருக்கிறான்.

என் வீட்டுக்காரி பிலோமி வேறு பக்கத்தில் நின்றுகொண்டு, "மீனுக்குக் கத்துறது மாதிரி மனுசனுக்கும் கத்தாதிய. மீனு செத்தது, அதுக்குக் காது கேக்காது" என்கிறாள். இவள் ஒருத்தி.

உம்மிடம் அவன் பேசுகிறான். அது எனக்குத் தெரியும். ஆஸ்பத்திரிக்கு நீர் ஆரஞ்சுப் பழம் கொண்டு போனதும், வீட்டுப் பின்பக்கம் உட்கார்ந்து இரண்டு பேரும் சிரித்ததும் தெரியும். காலை ஒடித்தவனோடு சிரிக்கிறான். தூக்கி வளர்த்தவனைக் கண்டால் எழுந்து போகிறான். எப்படி இருக்கும் எனக்கு?

நான் யார் என்று உமக்கு முழுதாகத் தெரியாது. தலையாட்டாதீர், தெரியாது. எங்கள் அப்பன் கடலோடு போனபோது அவன் தொட்டிலில் கிடந்தான். நான் ஆறாம் வகுப்பு. மறுவாரம் இதே மணலில் ஒரு கூடை சாளை மீனோடு நின்றேன். ஒரு வியாபாரி வந்தான். விலை சொன்னான். சரி என்றேன். அவன் சிரித்தான் ஓய். கூடையைத் தூக்கிக்கொண்டு போகும்போது பக்கத்தில் நின்றவனிடம் கண்ணடித்துச் சிரித்தான். அந்தச் சிரிப்பு இன்றைக்கும் என் காதில் இருக்கிறது. அன்றைக்கு முடிவு பண்ணினேன். முதல் விலைக்குத் தலையாட்டக் கூடாது. எழுந்து நடக்க வேண்டும். திரும்பிப் பார்க்கக் கூடாது. நடந்தால் கூப்பிடுவார்கள். கூப்பிடுகிற குரலில்தான் சரியான விலை இருக்கும்.

எனக்கு வாத்தியார் சொல்லிக் கொடுத்தது எதுவும் ஞாபகமில்லை. இது ஒன்றை வைத்துத்தான் ஒரு தம்பியை வளர்த்தேன், ஒரு வீடு கட்டினேன்.

அவன் நல்ல உயரம். எல்லாப் பயல்களும் கோலடிக்க ஓடுவார்கள், இவன் மட்டும் பின்னால் நிற்பான். "ஏம்ல நிக்க, ஓடேன்" என்றால், "எல்லாரும் அங்க போயிட்டா இங்க யாருண்ணே?" என்பான். சின்ன வயதிலேயே அப்படி. கோலடிப்பவனுக்கு மாலை போடுவார்கள், தடுப்பவனுக்கு மூக்கில் முழங்கை கிடைக்கும். ஆனாலும் அதையே பிடித்துக்கொண்டான். அவன் ஆட்டத்தில் நீர் ஒன்று கவனித்திருப்பீர். விழமாட்டான். மற்ற ஸ்டாப்பர்கள் சறுக்கி விழுந்து பந்தைத் தட்டுவார்கள், ஜனங்கள் கைதட்டும். இவன் நின்றே எடுப்பான். "விழுந்து எடுக்கேன்னா, முன்னமே தப்பான எடத்துல நின்னேன்னு அர்த்தம்" என்பான். எதிராளி காலைப் பார்க்கமாட்டான், கண்ணையும் பார்க்கமாட்டான். பந்தை மட்டும் பார்ப்பான். பந்திலிருந்து கண்ணை எடுக்கவே மாட்டான். இதை நினைவில் வைத்துக்கொள்ளும். பிறகு வருகிறேன்.

சென்னையில் லீக் ஆடுகிற ஒரு கிளப் முதலில் கேட்டது. விளையாட்டுச் சாமான் விற்கிற கடை மாடியில் ஆபீஸ். செயலாளர் ஒருத்தர், மூக்குப்பொடி. தங்க இடம், சாப்பாடு என்றார். நான் சொன்னேன், பூட்ஸ் இரண்டு ஜோடி, திருவிழாவுக்கு ஊருக்கு வந்துபோக டிக்கெட், தினம் இரண்டு முட்டை. "முட்டையா?" என்று சிரித்தார். எழுந்தேன். "நடல" என்றேன் தம்பியிடம். பாதிப் படி இறங்குவதற்குள் மேலிருந்து குரல் வந்தது. "ஏம்பா மீன்காரரே, முட்டை தரோம், வாங்க!" என் தம்பி முட்டை தின்றது என் நடையால்.

கோவாவில் கேட் வரைக்கும் நடந்தேன். வாட்ச்மேன் ஓடி வந்தான். கல்கத்தாவில் ரோட்டைத் தாண்டி டாக்சிக்குள் ஒரு காலை வைத்துவிட்டேன். அப்போதுதான் கூப்பிட்டார்கள். ஒவ்வொரு தடவையும் கொஞ்சம் கூடுதல் தூரம் நடக்க வேண்டியிருந்தது. அது நியாயம்தான். பெரிய கிளப், பெரிய மனுஷர்கள், கூப்பிட வெட்கப்படுவார்கள்.

எனக்கு இங்கிலீசும் வராது, இந்தியும் வராது. தம்பிதான் நடுவில் சொல்ல வேண்டும். நான் மூச்சுவிடாமல் பேசுவேன். அவன் இரண்டு வார்த்தையில் முடிப்பான். "நான் சொன்னது அவ்வளவுதானால? முழுசாச் சொல்லு" என்பேன். "சொல்லிட்டேண்ணே" என்பான். "நீங்க திருட்டுப் பயலுவன்னு சொன்னியா?" "அத வேற மாதிரி சொன்னேண்ணே." அந்த மேனேஜர்கள் அவனைப் பார்த்துச் சிரிப்பார்கள், என்னைப் பார்த்து முறைப்பார்கள். அதற்காகத்தான் நான் போனேன். முறைப்பை நான் வாங்கிக்கொள்ள, சிரிப்பு அவனுக்கு.

கடைசியாக வடக்கே ஒரு கிளப், பெயர் வேண்டாம். அங்கேதான் அவன் பெரிய ஆளானான். டிவியில் பார்த்திருப்பீர். கையில் கேப்டன் பட்டையோடு சில ஆட்டம் ஆடினான். இதே ஜெட்டியில் திரை கட்டிப் போட்டோம். ஒப்பந்தம் முடிந்தது, புதுப்பிக்க வேண்டும். போனோம். புது மேனேஜர், சின்னப் பையன், மீசை முளைக்காத முகம். லேப்டாப்பைத் திருப்பிக் காட்டுகிறான். ஒரு வருஷம் என்கிறான். "ஏன் ஒரு வருஷம்? மூணு வருஷம்" என்றேன். வயதாகிறதாம். வயதாம் ஓய்! முன்னால் ஓடுகிறவனுக்கு வயதானால் ஓட்டம் குறையும். பின்னால் நிற்கிறவனுக்கு வயதுதானே மூளை? அதைச் சொல்லச் சொன்னேன். தம்பி சொன்னான். பையன் ஒரு வருஷம் என்றான்.

அப்போது கிளீட்டஸ் மேசைக்குக் கீழே என் முழங்காலைப் பிடித்தான். "அண்ணே, இருண்ணே. ஒரு வருசம்னாலும் சரின்னு சொல்லிருவோம். எனக்கு இந்த டீம் புடிச்சிருக்கு."

"எழும்புல."

"அண்ணே, இவங்க கூப்புட மாட்டாங்க."

"உனக்கு என்ன தெரியும்? நடல. திரும்பிப் பாக்காத."

நடந்தோம். கேட்டைத் தாண்டினோம். எதிர்ப்பக்கம் ஒரு டீக்கடை. அங்கே உட்கார்ந்தோம். நான் கேட்டுக்கு முதுகைக் காட்டிக்கொண்டு உட்கார்ந்தேன், அதுதான் முறை. இவன் கேட்டையே பார்த்துக்கொண்டிருக்கிறான். "பாக்காதல, விலை இறங்கும்" என்றேன். கேட்கவில்லை. கொஞ்ச நேரம் கழித்து ஒரு ஆட்டோ வந்து நின்றது. மிசோரம் பக்கத்துப் பையன் ஒருத்தன், பெரிய பையோடு இறங்கி உள்ளே போனான். வாட்ச்மேன் சல்யூட் அடித்தான்.

"அவனும் ஸ்டாப்பர்தான்ணே" என்றான் தம்பி.

"இருக்கட்டும். அதுக்கு என்ன?"

"ஒண்ணுமில்ல."

அவன் டீ அப்படியே ஆடை படிந்து கிடந்தது.

பிறகு ரயில் ஏறினோம். அவர்கள் கூப்பிட்டிருப்பார்கள். நிச்சயம் கூப்பிட்டிருப்பார்கள். அந்தப் பக்கமெல்லாம் மலையும் குகையும், ரயிலில் சிக்னல் எங்கே கிடைக்கிறது? ஊர் வந்து சேர்ந்த பிறகு நாமே கூப்பிட்டால் விலை போய்விடும். அதனால் கூப்பிடவில்லை. அவனையும் கூப்பிட விடவில்லை.

இவ்வளவுதான் நடந்தது. இதில் என் பிழை எங்கே இருக்கிறது, சொல்லும் பார்ப்போம். எப்போதும் செய்கிறதைத்தானே செய்தேன்.

போன் வரவில்லை. ஒரு கிளப்பும் கேட்கவில்லை. அவன் தினமும் காலையில் மணலில் ஓடிவிட்டு வந்து போனை மடியில் வைத்துக்கொண்டு உட்காருவான். அப்போதுதான் போன வருஷத்து மாதா திருவிழா வந்தது. எனக்கு ஒரு யோசனை. மீனைக் கூடைக்குள் மூடி வைத்துக்கொண்டு ஏலம் விட்டால் எவன் கேட்பான்? தரையில் கொட்ட வேண்டும், பளபளப்பு தெரிய வேண்டும். திருவிழாப் பந்தாட்டப் பைனலில் அவன் ஆடட்டும். எல்லாப் பயல்களும் போனில் படம் பிடிப்பான்கள். அது நாலு இடத்துக்குப் போகட்டும். கிளப்புகாரன்கள் பார்க்கட்டும்.

"வேண்டாம்ணே, தரை சரியில்ல" என்றான். நான்தான், "ஊர் உனக்கு என்ன செய்யலை? மாதாவுக்கு ஒரு ஆட்டம் ஆடமாட்டியா?" என்றேன். மாதா பெயரைச் சொன்னதும் சரி என்றான். நல்ல பிள்ளை.

இப்போது உம் விஷயத்துக்கு வருகிறேன். நம் ஊர் வழக்கம் உமக்குத் தெரியும், நீர்தான் வருஷாவருஷம் மைக் பிடிக்கிறீர். வெளியூர் கிளப்பில் கையெழுத்துப் போட்ட பிள்ளைகள் திருவிழா பைனலில் ஆடக்கூடாது, கிளப்புக்குத் தெரிந்தால் வேலை போய்விடும். ஆனாலும் வந்து ஆடுவார்கள். பட்டியலில் படகுக்காரன் எவன் பெயரையாவது எழுதுவோம். நீர் மைக்கில் பெயர் சொல்லமாட்டீர். "நம்பர் நாலு எடுக்கிறார், நம்பர் நாலு கொடுக்கிறார்" என்பீர். ஊருக்கே தெரியும் நாலாம் நம்பர் யார் என்று. ஒரு பிள்ளை வாய் திறக்காது. அத்தனை வருஷம் கிளீட்டஸ் இங்கே ஆடியிருக்கிறான், ஒரு தடவைகூட அவன் பெயர் மைக் குழாயில் வந்ததில்லை. நாலு, நாலு, நாலு. அவன் காதுக்கு அதுதான் பழக்கம்.

கடைசி நேரம். ஒன்றுக்கு ஒன்று. சூசைபுரத்து ஒன்பதாம் நம்பர்காரன் தனியாகப் பந்தை உருட்டிக்கொண்டு வருகிறான். எதிரே கிளீட்டஸ் மட்டும். அவன் இரண்டு அடி பின்னால் போனான், இன்னும் பின்னால் போனான், வரட்டும் வரட்டும் என்று விட்டான். அந்தப் பயல் பந்தைக் கொஞ்சம் முன்னால் தள்ளினான், அவ்வளவுதான், இவன் நின்றபடியே எடுத்துவிட்டான். விழவில்லை. எடுத்துவிட்டான் ஓய்! பந்து காலில். நீர் என்ன செய்தீர்?

"கிளீட்டஸ்!" என்று கத்தினீர். "நம்ம கிளீட்டஸ்! இந்தியா முழுக்க ஆடின நம்ம ஊர்ப் பிள்ளை கிளீட்டஸ்!"

மைதானத்தின் நாலு மூலையிலும் குழாய் கட்டியிருந்தீர். நாலு பக்கமிருந்தும் அவன் பெயர் வந்து விழுந்தது. பந்திலிருந்து கண்ணை எடுக்காதவன், எடுத்தான். தலையைத் திருப்பினான். கால் ஊன்றியபடி இருந்தது. ஒன்பதாம் நம்பர்காரன் வந்த வேகத்தில் அந்த முட்டின்மேல் விழுந்தான். சத்தம் எனக்குக் கேட்டது. நீர் இன்னும் மைக்கில் பேசிக்கொண்டிருந்தீர்.

என்ன? என்ன சொல்கிறீர்?

ஆமாம். நான்தான் சொல்லச் சொன்னேன். அதை எப்போது எடுப்பீர் என்று பார்த்துக்கொண்டுதான் இருந்தேன். முந்தின நாள் பரோட்டாக் கடையில் உமக்குப் பீஃப் வாங்கிக் கொடுத்துச் சொன்னேன். "இந்த வருஷம் நம்பர் நாலு கதை வேண்டாம், அவன் யாருக்கும் கையெழுத்துப் போடவில்லை, பெயரைச் சொல்லும், வீடியோவில் விழ வேண்டும், கிளப்புகாரன் காதில் விழ வேண்டும்" என்றேன். நீர், "வேண்டாம் ததேயுஸ், வழக்கமில்லையே" என்றீர். நான் விடவில்லை. எல்லாம் சரி. இல்லை என்று சொல்லவில்லை. ஆனால் எப்போது சொல்லச் சொன்னேன்? பந்து வெளியே போன பிறகு! ஆட்டம் நின்றிருக்கும்போது! இப்படி அவன் காலில் பந்து இருக்கும்போதா சொல்லச் சொன்னேன்? அந்த அறிவு உமக்கு வேண்டாமா?

எந்தப் பக்கம் திரும்பினான் என்கிறீரா? வீடியோவை எனக்குக் காட்ட வேண்டாம், உள்ளே வையும். ஊரே காட்டிவிட்டது. உம் மேடை கிழக்கே இருந்தது, அவன் மேற்கே திரும்பினான். இருக்கட்டும். மேற்கே யார் நின்றார்கள்? ஜனங்கள் நின்றார்கள். கொடிக்கம்பம் நின்றது. நானும் நின்றேன். அதனால் என்ன? பெயர் கேட்டால் மனுஷன் எங்காவது திரும்பத்தான் செய்வான்.

அவன் உம்மிடம் ஏதாவது சொன்னானா அதைப் பற்றி? வேண்டாம். சொல்ல வேண்டாம்.

அவனுக்குக் கிளப் இல்லை. கிளப் இருந்தால் கிளப் டாக்டர் பார்த்திருப்பார். நான்தான் நாகர்கோவிலுக்குக் கொண்டுபோனேன். படகில் எனக்கு ஒரு பங்கு இருந்தது, அதைக் கொடுத்தேன். அதைப் பேச வரவில்லை. ஆபரேஷன் முடிந்து கண் திறந்தான். அப்போதும் நான் டாக்டரிடம் சண்டை போட்டுக்கொண்டிருந்தேன். "ஆறு மாசமா? ஏன் ஆறு மாசம்? நாலு மாசத்தில் ஓட வையுங்கள்" என்று. அப்போது அவன் என் கையைப் பிடித்தான். ரொம்ப மெதுவாகச் சொன்னான். "அண்ணே, நீ இனிமே எனக்காகப் பேசாத."

மயக்கத்தில் சொன்னது. வலியில் சொன்னது. அதற்கு அப்புறம் ஒரு வார்த்தை என்னிடம் பேசவில்லை. ஒரே வீடு. ஒரே சோற்றுப் பானை. பிலோமியிடம் சொல்வான், "மதினி, அண்ணன்கிட்ட சொல்லுங்க, தண்ணி மோட்டார் ஓடுது." நான் பக்கத்தில்தான் நிற்பேன்.

கால் சரியாயிற்று. ஓடினான். மணலில் யாரும் பார்க்காத நேரத்தில் ஓடினான், நான் பார்த்தேன். பந்தைத் தொடவில்லை. பிறகு ஒரு நாள் இந்தப் படகுக்குப் பெயர் கொடுத்துவிட்டு வந்தான். எங்கள் அப்பன் போன கடல். அவன் கடலுக்குப் போகக்கூடாது என்றுதான் ஓய் நான் ஒவ்வொரு கிளப் வாசலிலும் எழுந்து எழுந்து நடந்தேன்.

மெஷின் நின்றுவிட்டது. கேட்டீரா? இனி டீசல்தான்.

சரி. நேராகப் பேசுவோம். நான் உம்மிடம் கேட்பது இதுதான். இந்த வருஷம் பைனலில் நீர் மேடையில் ஏறி, நாலு ஊர் ஜனமும் கேட்கும்படி, போன வருஷம் நடந்தது என் பிழை, ததேயுஸ் பிழை இல்லை என்று சொல்ல வேண்டும். இப்போது நேரே ஜெட்டிக்குப் போய் அவனிடமும் அதைச் சொல்ல வேண்டும். சொல்லி, இந்தப் போனைக் கொடுத்து, கோச்சைக் கூப்பிட வைக்க வேண்டும்.

முடியாதா? சரி, மைக் வேண்டாம். அதை விட்டுவிடுகிறேன். அவனிடம் மட்டும் சொல்லும். என் பிழை என்று.

அதுவும் இல்லையா? உமக்கு என்ன குறைந்து போகும்? சரி. இருவர் பிழையும் இல்லை, விதி என்று சொல்லும். அதுவாவது சொல்லலாமே. பாதிக்குப் பாதி. நான் இவ்வளவு இறங்கினது கிடையாது, கேட்டுப் பாரும் இந்தக் கடற்கரையில்.

எங்கே எழும்புகிறீர்? நோட்டீசை வைத்துவிட்டு எங்கே போகிறீர்?

போம். போம் ஓய். இந்த நடையெல்லாம் எனக்குத் தெரியாதா? நான் கண்டுபிடித்த நடை. கூப்பிடுவேன் என்று நினைத்தீரா? ததேயுஸ் யாரையும் கூப்பிட்டதில்லை. கூப்பிடமாட்டேன்.

டீசல் குழாயை இழுக்கிறார்கள்.

அண்ணே. அண்ணே, நில்லுங்கள். கூப்பிடுகிறேன், பாருங்கள், நான்தான் கூப்பிடுகிறேன். திரும்பிப் பார்க்காவிட்டாலும் பரவாயில்லை, நின்று கேளுங்கள். கடைசி விலை இது. என் பெயரைச் சொல்லுங்கள். எல்லாம் உன் அண்ணன் செய்ததுதான் என்று சொல்லுங்கள். ஆபீசில் எழுப்பிக் கூட்டி வந்தது அண்ணன், ஆட வைத்தது அண்ணன், பெயரைக் கத்தச் சொன்னது அண்ணன் என்று சொல்லுங்கள். அது உண்மை இல்லை, அது உங்களுக்கும் தெரியும். ஆனாலும் சொல்லுங்கள், எனக்குச் சம்மதம். என்மேல் எவ்வளவு வேண்டுமானாலும் போடுங்கள். அவன் என்னிடம் பேச வேண்டாம். வீட்டுக்கும் வர வேண்டாம். கோழிக்கோட்டுக்கு நேரே போகட்டும்.

இந்தாருங்கள் போன். கோச் நம்பர் மேலேயே இருக்கிறது, பச்சையை அமுக்கினால் போதும். நான் அவனுக்காகப் பேசக்கூடாது என்றான். நான் பேசவில்லை. நீங்கள் பேசுங்கள். அன்றைக்கு நாலு குழாயில் கூப்பிட்டீர்களே, அதே வாயால் ஒரு தரம் கூப்பிடுங்கள். ஜெட்டியில் நின்று பெயர் சொல்லிக் கூப்பிடுங்கள். உங்கள் குரலுக்கு அவன் திரும்புவான். நீங்கள் கெடுத்ததை நீங்களே சரிசெய்துவிட்டுப் போங்கள் அண்ணே. கயிற்றை அவிழ்க்கிறார்கள், ஓடுங்கள்!